பழுது ஓரிடம், மருந்து வேறிடம்

காலரா முற்றிய ஒருவரின் உடலிலிருந்து ஒரு மணி நேரத்தில் ஒரு லிட்டர் வரை நீர் வெளியேறக்கூடும். காலையில் நடமாடிக்கொண்டிருந்தவருக்கு மாலைக்குள் கண்கள் குழிவிழுந்துவிடும். கிள்ளிய தோல் கிள்ளியபடியே நிற்கும். நாடி கைக்குச் சிக்காது. சிகிச்சை கிடைக்காவிட்டால் இப்படிக் கடுமையாகப் பாதிக்கப்பட்டவர்களில் ஏறக்குறையப் பாதிப் பேர் இறந்துபோவார்கள். இத்தனையையும் செய்யும் கிருமி ரத்தத்துக்குள் நுழைவதில்லை. எந்த உறுப்பையும் அரிப்பதில்லை. சிறுகுடலின் உட்சுவரில் ஒட்டிக்கொண்டு, அங்கிருந்தபடியே ஆளைக் கொல்கிறது.

இது எப்படி நடக்கிறது என்ற கேள்விக்கு விடை தேடியவர்கள் செல்லின் சவ்வில் இருக்கும் ஒரு புரதத்திடம் வந்து சேர்ந்தார்கள். அந்தப் புரதம் கோடிக்கணக்கான குழந்தைகளைக் காப்பாற்றிய உப்புச்சர்க்கரைக் கரைசலுக்கு அடிப்படையாக இருக்கிறது. அதன் உடன்பிறப்பான இன்னொரு புரதமோ இன்று சர்க்கரை நோய்க்கும் இதயச் செயலிழப்புக்கும் தரப்படும் ஒரு மாத்திரையின் இலக்காக இருக்கிறது. இந்த அத்தியாயம் அந்த இரண்டு புரதங்களைப் பற்றியது.

முயலின் குடல்

1884இல் ராபர்ட் கோக் கல்கத்தாவில் ஆராய்ந்து, காற்புள்ளி வடிவ நுண்ணுயிரிதான் காலராவுக்குக் காரணம் என்று அறிவித்தார். அது ஒரு நஞ்சைச் சுரக்க வேண்டும் என்றும் ஊகித்தார். அந்த நஞ்சு இருப்பதை நிரூபிக்க மேலும் 75 ஆண்டுகள் ஆயின. தேடியவர்கள் தவறான இடத்தில் தேடியதே தாமதத்துக்குக் காரணம். கிருமியையும் அதன் சாற்றையும் விலங்குகளின் ரத்தத்திலும் வயிற்றறையிலும் செலுத்திப் பார்த்தார்கள். சில விலங்குகள் செத்தன. எதற்கும் காலராவின் பேதி வரவில்லை.

கல்கத்தாவில் நோயியல் மருத்துவராகப் பணியாற்றிய சம்புநாத் தே, நோய் நடக்கும் இடத்திலேயே சோதனையையும் நடத்தினார். உயிருள்ள முயலின் சிறுகுடலில் ஒரு பகுதியை இரண்டு முனைகளிலும் கட்டி, நடுவில் கிருமிகளைச் செலுத்தினார். மறுநாள் பார்த்தபோது அந்தப் பகுதி நீர் நிறைந்து உப்பியிருந்தது. 1953இல் இதை வெளியிட்டார். பிறகு கிருமிகளை வளர்த்த திரவத்தை வடிகட்டி, ஒரு கிருமிகூட இல்லாத தெளிநீரை மட்டும் அதேபோல் செலுத்தினார். அப்போதும் குடல் நீரால் நிரம்பியது. குடலை நீர்கொள்ள வைப்பது கிருமி சுரக்கும் பொருள்தான் என்பது ஐயமற உறுதியானது. 1959இல் ‘நேச்சர்’ இதழில் வந்த இந்தக் கட்டுரை, வசதி குறைந்த ஆய்வகத்தில் தெளிவான ஒரு கேள்வியை மட்டும் நம்பிச் செய்யப்பட்ட ஆராய்ச்சி. தேயின் பெயரை உலகம் மெதுவாகத்தான் கேட்டது. 1978இல் காலரா பற்றிய நோபல் கருத்தரங்குக்கு அழைக்கப்பட்டார், 1985இல் மறைந்தார். நோபல் பரிசு பெற்ற ஜோஷுவா லெடர்பெர்க் அவர் பெயரை அந்தப் பரிசுக்குப் பரிந்துரைத்திருந்தார். பரிசு வரவில்லை என்பதால் அவர் செய்தது சிறிதாகிவிடவில்லை. காலராப் பேதியைப் புரிந்துகொள்ளும் பாதை அந்த முயலின் குடலிலிருந்துதான் தொடங்கியது.

அதே காலத்தில் பாங்காக்கிலிருந்து இன்னொரு செய்தி வந்தது. காலராவில் குடலின் உட்படலம் உரிந்து விழுந்துவிடுகிறது என்று 19ஆம் நூற்றாண்டிலிருந்தே மருத்துவர்கள் நம்பிவந்தார்கள். இறந்தவர்களின் குடலைப் பார்த்து எழுந்த நம்பிக்கை அது. படலமே இல்லையென்றால் வாய்வழியாக எதைக் கொடுத்தும் பயனில்லை என்றாகிவிடும். யூஜின் கங்கரோசா என்ற அமெரிக்க மருத்துவர், உயிருடன் இருக்கும் நோயாளிகளின் குடலிலிருந்து துணுக்குகளை எடுத்து நுண்ணோக்கியில் பார்த்தார். படலம் முழுமையாக இருந்தது. உரிந்துபோனது இறப்புக்குப் பிறகு நடந்த சிதைவு. நோய் உச்சத்தில் இருக்கும்போதும் குடலின் செல்கள் தம் இடத்தில், உயிருடன் இருக்கின்றன. அப்படியானால் அவற்றுக்குள் என்ன நடக்கிறது?

ஓய்வுக்குத் திரும்பாத புரதம்

காலரா நஞ்சு இரண்டு வகைப் பகுதிகளால் ஆனது. பி என்ற பகுதி ஐந்து பிரதிகளாக வளையம்போல் அமைந்திருக்கும். ஏ என்ற பகுதி அந்த வளையத்தின்மேல் அமர்ந்திருக்கும். வளையம் குடல் செல்லின் மேற்பரப்பில் உள்ள ஜி.எம்.1 என்ற கொழுப்பு மூலக்கூறைப் பற்றிக்கொள்கிறது. செல் தன் வழக்கப்படி அதை உள்ளே இழுத்துக்கொள்கிறது. உள்ளே போன நஞ்சு, செல் புரதங்களைத் தயாரித்து வெளியே அனுப்பும் பாதையில் எதிர்த்திசையில் நகர்ந்து, புரதங்கள் மடிப்பு பெறும் அறை வரைக்கும் போகிறது. சரியாக மடியாத புரதங்களை அந்த அறையிலிருந்து வெளியேற்றுவது செல்லின் வழக்கம். ஏ பகுதியின் ஒரு துண்டு, தானும் மடிப்புத் தவறிய புரதம் என்று செல்லை நம்பவைத்து, அந்த வழியாகவே செல்லின் உட்திரவத்துக்குள் வந்துவிடுகிறது.

அங்கே அது செய்வது ஒரே வேலை. செல்லில் ஜி புரதம் என்ற ஒரு வகை உண்டு. ஹார்மோன் ஒன்று வந்து தொட்டால் அது செயல்நிலைக்கு மாறும்; சிறிது நேரத்தில் தானாகவே ஓய்வுநிலைக்குத் திரும்பும். நஞ்சு இந்தப் புரதத்தின்மேல் ஒரு சிறு வேதித்துணுக்கை ஒட்டிவிடுகிறது. அதன்பிறகு அந்தப் புரதத்தால் ஓய்வுநிலைக்குத் திரும்ப முடியாது. அதன் தூண்டுதலால் சைக்ளிக் ஏ.எம்.பி. என்ற செய்தி மூலக்கூறு செல்லுக்குள் குவிந்துகொண்டே போகிறது. அந்தச் செய்தியின் விளைவுகள் இரண்டு. ஒன்று, சி.எஃப்.டி.ஆர். என்ற குளோரைடு வழி திறந்தபடியே நின்றுவிடுகிறது. குளோரைடு குடலுக்குள் பாய, சோடியம் அதன் பின்னே போக, இரண்டையும் தொடர்ந்து நீரும் போகிறது. மற்றொன்று, சாதாரணமாக உப்பை உள்ளே உறிஞ்சிக்கொள்ளும் வழி முடங்கிவிடுகிறது. வெளியேற்றம் பெருகுகிறது, உள்வரவு அடைபடுகிறது.

காலரா நோயாளிக்கு வெறும் உப்புத்தண்ணீர் கொடுத்தால் ஏன் பலனில்லை என்பது இப்போது புரியும். உப்பை ஏற்கும் வழக்கமான வழி அடைந்திருக்கிறது. கொடுத்த தண்ணீரும் பேதியோடு சேர்ந்து போய்விடும். மருத்துவர்கள் ரத்தநாளம் வழியாக சலைன் ஏற்றியே உயிரைக் காத்தார்கள். 1832இலேயே ஸ்காட்லாந்தில் தாமஸ் லாட்டா அதைச் செய்து காட்டியிருந்தார். ஊசியும் தூய்மையான திரவமும் பயிற்சி பெற்ற கையும் இருக்கும் இடத்தில் அது அருமையான சிகிச்சை. காலரா பரவிய இடங்களிலோ பெரும்பாலும் இந்த மூன்றும் இருப்பதில்லை.

இருவராய் வந்தால் திறக்கும் கதவு

1960 ஆகஸ்டில் பிராக் நகரில் செல் சவ்வுகள் பற்றிய ஒரு கருத்தரங்கு நடந்தது. அமெரிக்க உயிர்வேதியியலாளர் ராபர்ட் கிரேன் அங்கே ஒரு கருத்தை முன்வைத்தார். குடல் செல் குளுக்கோஸை உறிஞ்ச சோடியம் தேவை என்பது ஏற்கெனவே தெரிந்திருந்தது. ஏன் தேவை என்பதற்குக் கிரேன் விளக்கம் சொன்னார். குளுக்கோஸும் சோடியமும் சவ்விலுள்ள ஒரே புரதத்தின் வழியாகச் சேர்ந்தே உள்ளே வருகின்றன. ஒன்று தனியாக வந்தால் திறக்காத கதவு அது.

இந்தக் கதவைத் திறந்து உள்ளே தள்ளும் விசை எங்கிருந்து வருகிறது? செல்லின் மறுபக்கத்தில், ரத்தத்தை நோக்கிய சவ்வில், சோடியத்தை ஓயாமல் வெளியேற்றும் ஒரு பம்பு இருக்கிறது. டென்மார்க்கின் ஜென்ஸ் ஸ்கோ 1957இல் அதைக் கண்டறிந்து, அதற்காக 1997இல் நோபல் பரிசு பெற்றார். அந்தப் பம்பு வேலை செய்வதால் செல்லுக்குள் சோடியம் எப்போதும் குறைவாகவே இருக்கும். வெளியே நிறைந்திருக்கும் சோடியம் உள்ளே வரத் துடிக்கும். அந்தத் துடிப்பையே விசையாகக் கொண்டு குளுக்கோஸும் கூடவே வந்துவிடுகிறது. இரண்டும் உள்ளே வரும்போது நீரும் தொடர்ந்து வருகிறது. இந்தப் புரதத்துக்கு இன்று எஸ்.ஜி.எல்.டி.1 என்று பெயர். 1987இல் எர்னஸ்ட் ரைட்டின் ஆய்வுக்குழு அதன் மரபணுவைப் பிரித்தெடுத்தது.

காலரா நஞ்சு இந்தக் கதவைத் தொடுவதில்லை. உப்பு வரும் பழைய வழியை அடைத்துவிட்டது, குளோரைடு வழியைத் திறந்துவிட்டது. குளுக்கோஸும் சோடியமும் கைகோத்து வரும் வழியை மட்டும் விட்டுவைத்தது. குளோரைடு ஒழுகுவதை நிறுத்த நம்மிடம் மருந்து இல்லாமல் இருக்கலாம். ஒழுகும் அளவுக்கு இந்தக் கதவு வழியாக உள்ளே கொண்டுவர முடிந்தால் ஆள் பிழைத்துவிடுவார்.

இதை நோயாளிகளிடம் முதலில் கண்டவர்களில் ஒருவர் அமெரிக்கக் கடற்படை மருத்துவரான ராபர்ட் பிலிப்ஸ். 1962இல் மணிலாவில் குளுக்கோஸ் கலந்த உப்புக்கரைசலை நோயாளிகள் உறிஞ்சிக்கொள்வதை அவர் பார்த்தார். ஆனால் அடுத்து நடத்திய பெரிய சோதனையில் கரைசலில் உப்பு மிகுந்துவிட்டது, சிலர் இறந்தார்கள். கதவு இருப்பது தெரிந்தால் மட்டும் போதாது, அதன் வழியே எவ்வளவு அனுப்பலாம் என்பதும் தெரிய வேண்டும். இறந்தவர்கள் விட்டுச்சென்ற அந்தப் பாடத்தை டாக்கா ஆய்வகத்தில் டேவிட் நாலினும் ரிச்சர்ட் கேஷும் இம்மி பிசகாமல் கடைப்பிடித்தார்கள். காலராக் கட்டிலின் நடுவில் ஒரு துளை இருக்கும், கீழே வாளி. வாளியில் சேர்ந்த அளவை மணிக்கொரு முறை பார்த்து, அதற்கு ஈடான கரைசலைக் குடிக்க வைத்தார்கள். போன அளவுக்குப் புகட்டு என்பதே அவர்களின் விதி. 29 நோயாளிகளிடம் செய்த அந்தச் சோதனை 1968இல் ‘லான்செட்’ இதழில் வெளிவந்தது. சலைனின் தேவை 80 சதவீதம் குறைந்திருந்தது.

1971, எல்லையோர முகாம்

வங்கதேச விடுதலைப் போரின்போது ஏறக்குறைய ஒரு கோடி அகதிகள் இந்தியாவுக்குள் வந்தார்கள். மேற்கு வங்கத்தின் எல்லையோர ஊரான போங்காவில் மருத்துவமனை நிரம்பி, நோயாளிகள் தரையில் கிடந்தார்கள். சலைன் கையிருப்பு தீர்ந்துகொண்டிருந்தது. அங்கே பொறுப்பேற்ற குழந்தை மருத்துவர் திலீப் மஹலனாபிஸ், ஆய்வகத்தில் அறிந்த கரைசலை முகாமில் பயன்படுத்தத் துணிந்தார். குளுக்கோஸ், சமையல் உப்பு, சோடா உப்பு மூன்றையும் கல்கத்தாவில் அளந்து பொட்டலம் கட்டினார்கள். முகாமில் பீப்பாய்களில் தண்ணீரில் கரைத்தார்கள். குழாயைத் திறந்து பிடித்துக்கொண்டுபோய்ப் புகட்டியவர்கள் நோயாளிகளின் தாய்மாரும் உறவினரும்தான். முகாமில் 30 சதவீதத்தை ஒட்டியிருந்த இறப்பு, அவர் பராமரிப்பில் இருந்தவர்களிடையே 3.6 சதவீதமாகக் குறைந்தது.

கட்டுப்பாடான ஆய்வுமுறை இல்லை என்று முதலில் தயங்கிய மருத்துவ உலகம், பிறகு அதை ஏற்றது. பத்தாண்டுகளுக்குள் உலக சுகாதார நிறுவனமும் யுனிசெஃபும் அந்தக் கரைசலைப் பொட்டலங்களாக ஊர் ஊராகக் கொண்டுபோயின. வங்கதேசத்தில் பிராக் என்ற தொண்டு நிறுவனத்தின் பெண் பணியாளர்கள் ஒரு கோடிக்கும் மேற்பட்ட வீடுகளுக்கு நடந்தே போய், மூன்று விரலால் எடுத்த உப்பு, ஒரு பிடி வெல்லம், அளந்த தண்ணீர் என்று தாய்மார்களுக்குச் செய்து காட்டினார்கள். இந்தக் கரைசல் இதுவரை 5 கோடிக்கும் அதிகமான உயிர்களைக் காத்திருக்கும் என்பது பொதுவான மதிப்பீடு.

இன்று கடையில் கிடைக்கும் பொட்டலத்தின் அளவுகள் 2002இல் வகுக்கப்பட்டவை. ஒரு லிட்டர் நீரில் 13.5 கிராம் குளுக்கோஸ், 2.6 கிராம் உப்பு, 1.5 கிராம் பொட்டாசியம் குளோரைடு, 2.9 கிராம் சிட்ரேட். சோடியமும் குளுக்கோஸும் லிட்டருக்கு 75 மில்லிமோல் என்று சம அளவில் இருக்கும். இந்த அளவுகளில் கைவைக்கக் கூடாது. சர்க்கரை கூடினால் கதவால் ஏற்க முடியாத மிச்சம் குடலில் தங்கி, ரத்தத்திலிருந்து நீரை இழுத்துப் பேதியை மிகுதியாக்கும். இனிப்புப் பானங்களை இந்தக் கரைசலுக்குப் பதிலாகக் குழந்தைக்குக் கொடுப்பது ஆபத்தாவது இதனால்தான். உரிய அளவில் இல்லாத பானங்கள் தம் பெயரில் இந்தக் கரைசலைக் குறிக்கும் ஓ.ஆர்.எஸ். என்ற சொல்லைப் போட்டுக்கொள்ளக் கூடாது என 2025இல் இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையம் உத்தரவிட்டது. மிகத் தேவையான உத்தரவு அது.

வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியைச் சேர்ந்த பி.எஸ். ராமகிருஷ்ணாவும் அவருடைய குழுவினரும் இன்னொரு கோணத்தில் யோசித்தார்கள். பழுது இருப்பது சிறுகுடலில். பெருங்குடல் உழைக்கத் தயாராக இருக்கிறது. சிறுகுடலில் செரிக்காத ஒரு வகை மக்காச்சோள மாவைக் கரைசலில் சேர்த்தார்கள். அது பெருங்குடலை அடைந்ததும் அங்குள்ள நுண்ணுயிர்கள் நொதிக்கச் செய்து, சிறு கொழுப்பு அமிலங்களாக மாற்றுகின்றன. அந்த அமிலங்கள் பெருங்குடலைச் சோடியத்தையும் நீரையும் கூடுதலாக உறிஞ்சத் தூண்டுகின்றன. காலரா நோயாளிகளுக்குப் பேதியின் அளவும் அது நீடித்த நேரமும் குறைந்தன. 2000ஆம் ஆண்டில் வெளியான இந்த ஆய்வும் நோய் தொடாத இடத்தைத் தேடிப்போனதுதான்.

ஆப்பிள் மரப்பட்டை

இனி சிறுநீரகத்துக்குப் போவோம். நம் சிறுநீரகங்கள் ஒரு நாளில் ஏறக்குறைய 180 லிட்டர் திரவத்தை ரத்தத்திலிருந்து வடிக்கின்றன. அதோடு 160 கிராமுக்குக் குறையாத குளுக்கோஸும் வடிந்துவிடுகிறது. நலமாக இருப்பவரின் சிறுநீரில் அதில் ஏறக்குறைய எதுவும் போவதில்லை. சிறுநீரக நுண்குழாய்களின் செல்கள் அனைத்தையும் திரும்ப எடுத்துக்கொள்கின்றன. எடுத்துக்கொள்ளும் புரதம் எஸ்.ஜி.எல்.டி.2. குடலில் உள்ள புரதத்தின் நெருங்கிய உறவு இது. சோடியத்தோடு சேர்ந்தால்தான் இதுவும் குளுக்கோஸுக்கு வழிவிடும். மீட்பில் ஏறக்குறைய 90 சதவீதம் இதன் பொறுப்பு, மிச்சத்தை எஸ்.ஜி.எல்.டி.1 பார்த்துக்கொள்கிறது.

சர்க்கரை நோயில் பழுது இன்சுலினிடம் இருக்கிறது. கணையம் போதுமான அளவு சுரப்பதில்லை, அல்லது உடல் அதற்குச் செவிசாய்ப்பதில்லை. ஆகவே மருந்துகளும் நெடுங்காலம் இன்சுலினையே சுற்றிவந்தன. சிறுநீரகமோ தன் வேலையை விடாமல் செய்துகொண்டிருக்கிறது. ரத்தத்தில் சர்க்கரை மிதமிஞ்சிக் கிடந்தாலும், வடிந்ததில் பெரும்பங்கை மறுபடி ரத்தத்துக்கே சேர்க்கிறது.

ஆப்பிள் மரத்தின் பட்டையிலிருந்து 1835இல் ஃபுளோரிசின் என்ற பொருளைப் பிரித்தெடுத்தார்கள். 1886இல் ஜெர்மனியின் யோசப் ஃபான் மேரிங், அதை உட்கொண்டால் சிறுநீரில் சர்க்கரை போவதைக் கண்டார். நூறு ஆண்டுகள் அது ஆய்வகத்தின் ஒரு கருவியாகவே இருந்தது. 1987இல் சர்க்கரை நோயுள்ள எலிகளுக்கு அதைக் கொடுத்தபோது ரத்தச் சர்க்கரை சீரானது. இன்சுலினுக்கு உடல் செவிசாய்ப்பதும் மேம்பட்டது. ஆனால் ஃபுளோரிசின் இரண்டு கதவுகளையும் மூடிவிடுகிறது. குடலின் கதவு மூடினால் பேதி வரும். மேலும் குடலிலேயே அது சிதைந்துபோகிறது. சிறுநீரகத்தின் கதவை மட்டும் மூடும் மூலக்கூறு வேண்டியிருந்தது.

அப்படி மூடினால் ஆபத்தில்லையா? இந்தக் கேள்விக்கு இயற்கையே விடை வைத்திருந்தது. எஸ்.ஜி.எல்.டி.2 மரபணுவில் பழுதுடன் பிறந்தவர்கள் உண்டு. வாழ்நாள் முழுவதும் அவர்களின் சிறுநீரில் சர்க்கரை போகும். பெரும்பாலானவர்களுக்கு வேறு தொல்லை எதுவும் இல்லை. அந்தத் துணிவில் வேதியியலாளர்கள் ஃபுளோரிசினின் வடிவத்தை மாற்றி மாற்றி அமைத்து, குடலின் கதவைவிடச் சிறுநீரகத்தின் கதவை ஆயிரம் மடங்குக்கும் மேல் தெரிந்து பிடிக்கும் டபாகிளிஃப்ளோசினை உருவாக்கினார்கள். 2012இல் ஐரோப்பாவில் அனுமதி கிடைத்தது. 2020இல் இந்தியாவில் அதன் காப்புரிமை முடிந்ததும் பல நிறுவனங்கள் தயாரிக்கத் தொடங்கி, விலை சரிந்தது. சென்னையின் சர்க்கரை நோய் ஆராய்ச்சி அறக்கட்டளை முன்னின்று நடத்திய தேசிய ஆய்வு, நாட்டில் 10 கோடிப் பேருக்கு மேல் சர்க்கரை நோய் இருப்பதாக 2023இல் கணக்கிட்டது. அப்படிப்பட்ட நாட்டில் ஒரு மாத்திரையின் விலைச் சரிவு சின்னச் செய்தி அல்ல.

இதயத்துக்கு வந்த நன்மை

சர்க்கரை நோய் மருந்துகள் இதயத்துக்குக் கேடு செய்யவில்லை என்று காட்ட வேண்டும் என 2008இல் அமெரிக்க அரசு விதித்தது. அதற்காக எம்பாகிளிஃப்ளோசின் என்ற மருந்தை 7,000 பேரிடம் சோதித்தார்கள். கேடில்லை என்று காட்டினால் போதும் என்று தொடங்கிய சோதனை அது. 2015இல் முடிவு வந்தபோது, இதய, ரத்தநாள நோயால் ஏற்படும் இறப்பு 38 சதவீதம் குறைந்திருந்தது. 2019இல் டபாகிளிஃப்ளோசினை, சர்க்கரை நோய் இல்லாதவர்களும் அடங்கிய இதயச் செயலிழப்பு நோயாளிகளுக்குக் கொடுத்தார்கள். நோய் மோசமாவதும் இறப்பும் 26 சதவீதம் குறைந்தன. அடுத்த ஆண்டில் சிறுநீரக நோயாளிகளிடமும் நல்ல பலன் தெரிந்தது.

எஸ்.ஜி.எல்.டி.2 இதயத் தசையில் ஏறக்குறைய இல்லை. பிறகு இதயம் எப்படிப் பயனடைகிறது? சிறுநீரகத்தைப் பொறுத்தவரை விளக்கம் தெளிவானது. கதவு மூடப்பட்டால் சோடியமும் திரும்பாமல் நுண்குழாயில் மேலும் கீழே போகிறது. அதை உணரும் செல்கள், வடிகட்டிக்குள் ரத்தத்தைக் கொண்டுவரும் நாளத்தைச் சற்றுச் சுருக்குகின்றன. வடிகட்டியின்மேல் இருக்கும் அழுத்தம் தணிகிறது. ஆண்டுக்கணக்கில் அது தேயாமல் காக்கப்படுகிறது. இதயத்துக்குக் கிடைக்கும் நன்மையில் உடலில் தேங்கிய உப்பும் நீரும் குறைவதற்கும் செல்களின் எரிபொருள் மாற்றத்துக்கும் எவ்வளவு பங்கு என்பதை இன்னும் ஆராய்ந்துகொண்டிருக்கிறார்கள்.

கதவு இல்லாமல் பிறப்பவர்கள்

குடலின் கதவே பழுதாகிப் பிறக்கும் குழந்தைகளும் மிக அரிதாக உண்டு. தாய்ப்பால் குடித்த முதல் நாட்களிலேயே கடும்பேதி தொடங்கும். பாலின் சர்க்கரை குளுக்கோஸாகவும் காலக்டோஸாகவும் பிரிகிறது. இரண்டும் உள்ளே வர எஸ்.ஜி.எல்.டி.1 வேண்டும். எல்லாக் குழந்தைகளையும் காக்கும் கரைசல் இந்தக் குழந்தைக்கு மட்டும் பேதியைக் கூட்டும். 1991இல் அந்த மரபணுப் பிழையைக் கண்டறிந்தார்கள். ஃபிரக்டோஸ் வேறொரு புரதத்தின் வழியாக உள்ளே வருகிறது. ஆகவே குளுக்கோஸையும் காலக்டோஸையும் நீக்கி, ஃபிரக்டோஸை மாற்றாகக் கொடுத்தால் பேதி நின்று குழந்தை வளரத் தொடங்குகிறது. இங்கும் சிகிச்சை, பழுதடையாத வழியில்தான்.

குடலுக்கான கரைசலும் சிறுநீரகத்துக்கான மாத்திரையும் ஒரே வீட்டில் சந்திக்கும் நேரமும் உண்டு. டபாகிளிஃப்ளோசின் சாப்பிடும் ஒருவருக்கு வாந்தியும் பேதியும் வந்தால், உடல் நீரை இழந்துகொண்டிருக்கும்போது சிறுநீரகத்தின் வழியாகவும் நீரும் உப்பும் போகும். உணவு இறங்காத நிலையில் கீட்டோன் அமிலங்கள் பெருகும் ஆபத்தும் கூடும். ஆகவே அந்த நாட்களில் மாத்திரையை நிறுத்திவைத்து மருத்துவரைக் கேட்கச் சொல்கிறார்கள். உப்புச்சர்க்கரைக் கரைசலைக் குடிக்கச் சொல்கிறார்கள். சிறுநீரகத்தின் கதவை விடுவித்து, குடலின் கதவைப் பயன்படுத்தும் அறிவுரை இது. இரண்டு கதவுகளையும் அறிந்தவருக்கு இதில் மனப்பாடம் செய்ய எதுவுமில்லை.

உடைந்ததைச் சரிசெய்வதே மருத்துவம் என்று எண்ணுவது இயல்பு. காலராவில் உடைந்த குளோரைடு வழியைச் சரிசெய்யவில்லை. சர்க்கரை நோயில் இன்சுலினைத் தொடவில்லை. இரண்டிலும் உடல் இன்னும் எதைச் செய்யும் ஆற்றலோடு இருக்கிறது என்று கேட்டார்கள். அந்தக் கேள்வியைக் கேட்க, நலமான செல் எப்படி இயங்குகிறது என்பது முதலில் தெரிந்திருக்க வேண்டும். பிராக்கில் பேசிய கிரேன் காலரா மருந்தைத் தேடவில்லை. ஸ்கோ ஆராய்ந்தது நண்டின் நரம்புகளை. உடனடிப் பயன் என்ன என்று கேட்டு அத்தகைய ஆராய்ச்சிக்குக் கொடுக்கும் பணத்தை நிறுத்தும் அரசும் சமூகமும், நாளைய நோயாளிக்குத் திறக்கக்கூடிய கதவை இன்றே அடைத்துவிடுகின்றன.